மொட்டைக் கடிதமும் பிரேத விசாரணையும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஒரு மரணத்தில் சந்தேகம் இருப்பதாக மொட்டைக் கடிதமோ பெயர் சொல்லாத தொலைபேசி அழைப்போ வந்தால், புகார்தாரர் யாரென்று தெரியவில்லை என்று சொல்லி அதை ஒதுக்குவது சட்டத்துக்குப் பொருந்தாது.

2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 194-ஆவது பிரிவு (அதற்கு முன்பிருந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 174), ஒருவர் தற்கொலை செய்துகொண்டதாகவோ, கொல்லப்பட்டதாகவோ, சந்தேகத்துக்கிடமான முறையில் இறந்ததாகவோ தகவல் கிடைத்ததும், காவல் நிலைய அலுவலர் நிர்வாக நடுவருக்கு (எக்சிகியூட்டிவ் மாஜிஸ்திரேட்) தெரிவித்துவிட்டு, உடல் இருக்கும் இடத்துக்கே சென்று, அக்கம்பக்கத்தார் இருவரேனும் முன்னிலையில், இறப்புக்கான காரணத்தை அறியும் பிரேத விசாரணை நடத்த வேண்டும் என்கிறது. தகவல் தந்தவரின் பெயரை அந்தப் பிரிவு கேட்கவே இல்லை.

பெயரில்லாத் தகவலை மட்டும் நம்பி எவர் மீதும் கொலை வழக்குப் பதியுங்கள் என்று நான் சொல்லவில்லை. விவரமற்ற அநாமதேயத் தொலைபேசிச் செய்தியை முதல் தகவல் அறிக்கையாகக் கொள்ள முடியாது என்று தபிந்தர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1970-லேயே கூறிவிட்டது. முன்பகையைத் தீர்த்துக்கொள்ள மொட்டைக் கடிதம் எழுதுவோரும் உண்டு. ஆனால், காவலர் நேரில் சென்று உடலைப் பார்ப்பதால் எவர் மானமும் போய்விடாது. பார்க்காமல் விட்டு, பொழுது சாய்வதற்குள் தகனமும் முடிந்துவிட்டால், கழுத்தில் இருந்த தடமும் வயிற்றில் இருந்த நஞ்சும் சாம்பலோடு போய்விடும். புதைத்த உடலையாவது 196-ஆவது பிரிவின்படி நடுவர் தோண்டியெடுக்கச் செய்யலாம். எரித்த உடலை என்ன செய்வது? தீராத வயிற்றுவலி என்று காரணம் சொல்லி அவசர அவசரமாக எரியூட்டப்படும் இளம்பெண்ணின் மரணத்தில், பெயர் சொல்ல அஞ்சும் பக்கத்து வீட்டுக்காரர் தரும் தகவல்தான் ஒரே துப்பாக இருக்கக்கூடும்.

அப்படித் துப்புக் கொடுத்தவருக்கு, புகார் பெற்றதற்குக் காவல் நிலையம் தரும் சி.எஸ்.ஆர். ரசீது கிடையாது. நடவடிக்கை இல்லையென்றால், அதே சன்ஹிதாவின் 173(4)-இன்படி காவல் கண்காணிப்பாளருக்கு எழுதுவதும், அதன் பிறகும் பலனில்லாவிட்டால் 175(3)-இன்படி பிரமாணப் பத்திரத்துடன் நீதித்துறை நடுவரை அணுகுவதும் பெயரோடு வருபவரால்தான் முடியும். பெரும்பாலும் அது பெண்ணின் பிறந்த வீட்டார்தான். ஆனால், அப்படியொரு கடிதம் வந்ததையே அவர்கள் அறியாவிட்டால் எதைச் சொல்லி நடுவர் முன் நிற்பார்கள்?

பிடியாணையின்றிக் கைது செய்வதற்குரிய குற்றம் பற்றிய தகவல் அனைத்தும் காவல் நிலையப் பொது நாட்குறிப்பில் ஏற வேண்டும் என்று லலிதா குமாரி வழக்கில் அரசியல் சாசன அமர்வு 2013-இல் தீர்ப்பளித்தது. எனவே, மரணம் குறித்த பெயரில்லாத் தகவல் ஒவ்வொன்றும் வந்த நேரத்தோடு நாட்குறிப்பில் பதியப்படவும், அன்றே, தகனத்துக்கு முன்பாகவே, அதிகாரி ஒருவர் நேரில் செல்லவும், விசாரணையின் முடிவு இறந்தவரின் பெற்றோருக்கோ உடன்பிறந்தவருக்கோ எழுத்தில் தெரிவிக்கப்படவும் காவல் துறைத் தலைமை இயக்குநர் சுற்றறிக்கை அனுப்ப வேண்டும். காவல் நிலையப் படியேற அஞ்சுவோர் கிராம நிர்வாக அலுவலரிடம் சொல்லலாம். சந்தேக மரணத்தை உடனே தெரிவிக்கும் கடமையை அதே சன்ஹிதாவின் 34-ஆவது பிரிவு அவர்மீதும் சுமத்தியிருக்கிறது.

இப்படிக்கு,
வழக்குரைஞர் ஒருவர்,
தஞ்சாவூர்.