ஆறு வருஷம் நாற்காலி, ஆறு வருஷம் ஒரு மசோதா

அன்பு மகளே,

இங்கே எல்லாரும் நலம். டெக்சாஸ் மாநிலத் தலைநகர் ஆஸ்டினில் சட்டமன்ற உறுப்பினர் அலுவலகத்தில் சேரப்போகிறாய். அங்கே யாரைப் பார்த்துத் தொழில் கற்றுக்கொள்வது என்று கேட்டிருந்தாய். மிட்லண்டின் டாம் கிராடிக்கைப் படி. அவருடைய கொள்கைகளில் பாதிக்கு மேல் உனக்கு ஒத்துவராது என்று தெரியும். இருந்தாலும் படி. 1969 ஜனவரியில் பதவியேற்ற குடியரசுக் கட்சிக்காரர். டெக்சாஸ் கீழவையில் அவரளவு காலம் உட்கார்ந்தவர் வேறு எவரும் இல்லை. அந்த நீண்ட கணக்கில் இரண்டு ஆறு வருஷங்கள் உண்டு. 2003 முதல் 2009 வரை சபாநாயகர் நாற்காலி. 2011 முதல் 2017 வரை ஒரே ஒரு மசோதா, வண்டி ஓட்டும்போது குறுஞ்செய்தி அனுப்பத் தடை. ஊர் பேசுவது முதலாவதைப் பற்றி. உனக்கு உதவப்போவது இரண்டாவது.

முதலில் நாள் கணக்கைப் பிடித்துக்கொள். கீழவையில் 150 பேர், மேலவையான செனட்டில் 31 பேர். ஒற்றைப்படை ஆண்டின் ஜனவரி இரண்டாம் செவ்வாய்க்கிழமை கூடுவார்கள். 140 நாளில் கலைந்தாக வேண்டும். அதற்கு மேல் வேண்டுமென்றால் கவர்னர் சிறப்புக் கூட்டம் கூட்ட வேண்டும். அதுவும் 30 நாள், அவர் குறித்துக் கொடுத்த பொருள் மட்டும். உறுப்பினர் சம்பளம் மாதம் 600 டாலர். கூட்ட நாட்களுக்குப் படி தனியாக உண்டு. ஆகவே பெரும்பாலானவர்களுக்கு ஊரில் வேறு தொழில் இருக்கும்; கிராடிக்குக்கு எண்ணெய் வயலைச் சார்ந்த வியாபாரம்.

140 என்பதும் பெயருக்குத்தான். 60ஆம் நாளோடு பொது மசோதாக்களின் தாக்கல் முடிகிறது. கீழவையில் தாக்கலான மசோதா 122ஆம் நாள் வாக்கில் இரண்டாம் வாசிப்புக்கு, அதாவது சபையில் விவாதத்துக்கும் வாக்குக்கும், வராவிட்டால் அதன் கதை முடிந்தது. அதற்குள் சபாநாயகர் அதை ஒரு குழுவுக்கு அனுப்ப வேண்டும். குழுத் தலைவர் விசாரணைக்கு நாள் குறிக்க வேண்டும், வாக்குக்கு விட வேண்டும். பிறகு காலண்டர்ஸ் கமிட்டி அதை எடுத்துச் சபையின் பட்டியலில் வைக்க வேண்டும். இவற்றில் எந்தக் கதவையும் திறக்காமல் சும்மா இருந்தாலே மசோதா மூச்சு நின்றுபோகும். எதிர்த்து வாக்களிப்பவரை விட, எடுத்து வைக்காமல் விடுபவர் கொன்ற மசோதாக்கள்தான் அதிகம். ஒரு குழுத் தலைவரிடம் இவ்வளவு அதிகாரம் எங்கிருந்து வருகிறது என்று இனி நீ கேட்க மாட்டாய்.

கிராடிக் இதை எதிர்க்கட்சி பெஞ்சில் உட்கார்ந்து கற்றார். 1968இல் ஜெயித்தபோது அவருக்கு 25 வயது. டெக்சாஸ் டெக் பல்கலைக்கழகத்தில் மேற்படிப்பு மாணவர். 150 பேர் கொண்ட சபையில் அவர் கட்சிக்குப் பத்துப் பேர்கூட இல்லை. 1971இல், அரசியல்வாதிகளுக்குப் பங்கு லாபத்தை லஞ்சமாகக் காட்டிய ஷார்ப்ஸ்டவுன் ஊழல் வெடித்தது. சபாநாயகர் கஸ் மட்ஷரை எதிர்த்து முப்பது பேர் ஒன்று சேர்ந்தார்கள்: ஒரு பக்கம் தாராளவாத ஜனநாயகக் கட்சியினர், இன்னொரு பக்கம் பழமைவாதக் குடியரசுக் கட்சியினர். 'டர்ட்டி தர்ட்டி' என்று வசையாகச் சொன்ன பெயரே அவர்களுக்கு நிலைத்துவிட்டது. கிராடிக் அந்த முப்பதில் ஒருவர். மட்ஷர் 1972இல் லஞ்சச் சதி வழக்கில் குற்றவாளி என்று தீர்ப்பானது. 1975இல், ஜனநாயகக் கட்சி ஆண்ட அதே சபையில், இயற்கை வளக் குழுவின் தலைவர் பதவி கிராடிக்குக்குக் கிடைத்தது. அவர் கட்சிக்காரர் ஒருவர் குழுத் தலைவரானது நூறாண்டுக்கு மேல் கழித்து அதுவே முதல் முறை. தண்ணீர் அந்தக் குழுவின் கையில் இருந்தது. வறண்ட மேற்கு டெக்சாஸ்காரருக்கு அது எவ்வளவு பெரிய பிடி என்று யோசித்துப் பார். அதற்குப் பிறகு சிறுபான்மைக் கட்சிக்காரருக்கும் குழுவைக் கொடுப்பது அந்தச் சபையின் வழக்கமானது. 2025இல் விதியை மாற்றிக் குழுத் தலைமை பெரும்பான்மைக் கட்சிக்கு மட்டும் என்று ஆக்கிவிட்டார்கள். நல்ல வழக்கம் போய்விட்டது என்பது என் எண்ணம். இளம் கிராடிக்கைப் போல ஒருவர் வளர இனி இடம் குறைவு.

நாற்காலிக்கு வருவோம். டெக்சாஸில் சபாநாயகர் நடுவில் உட்கார்ந்து மணி அடிப்பவர் மட்டும் இல்லை. குழுத் தலைவர்களை நியமிப்பவர், மசோதா எந்தக் குழுவுக்குப் போகும் என்று தீர்மானிப்பவர், யார் பேசலாம் என்று அழைப்பவர். உறுப்பினர்கள் பகிரங்கமாக வாக்களித்து அவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். ஆகவே போட்டியிடுகிறவர் மாதக்கணக்கில் முன்னதாகவே ஒவ்வொருவரிடமும் ஆதரவு உறுதி வாங்கிச் சேர்ப்பார். 2002 தேர்தலில் குடியரசுக் கட்சி 88 இடம் பிடித்தது. 2003 ஜனவரியில் கிராடிக் சபாநாயகரானார். உள்நாட்டுப் போருக்குப் பிந்தைய மறுசீரமைப்புக் காலத்துக்கு அப்புறம் அந்தக் கட்சியிலிருந்து முதல் ஆள். அப்போதும் ஜனநாயகக் கட்சியினர் சிலரைத் தன் அணியில் வைத்துக்கொண்டார். ஹூஸ்டனின் சில்வெஸ்டர் டர்னர் அவருக்குத் துணையாக அந்த நாற்காலியில் அமர்ந்தவர்.

அதே 2003 மே மாதம் நடந்தது உனக்கு ஒரு நல்ல பாடம். அமெரிக்கக் காங்கிரஸ் தொகுதிகளை, பத்தாண்டுக்கு ஒருமுறை என்ற வழக்கத்தை விட்டு, நடுவில் மறுவரையறை செய்ய மசோதா வந்தது. சபை நடக்க 150இல் மூன்றில் இரண்டு பங்கு, அதாவது 100 பேர் வேண்டும். ஜனநாயகக் கட்சியினர் ஐம்பதுக்கு மேற்பட்டோர் எல்லை தாண்டி ஓக்லஹோமாவின் ஆர்ட்மோருக்குப் போய்த் தங்கிவிட்டார்கள். மாநில போலீஸ் எல்லைக்கு அப்பால் வந்து பிடித்து இழுக்க முடியாது. கீழவை மசோதாக்களுக்கான கெடு நாள் கழிந்த பிறகுதான் திரும்பினார்கள். அந்தக் கூட்டத்தொடரில் மறுவரையறை செத்தது. ஆனால் கவர்னர் மூன்று சிறப்புக் கூட்டங்கள் கூட்டினார். அக்டோபரில் வரைபடம் நிறைவேறியது. 2004இல் டெக்சாஸின் 32 இடங்களில் 21 குடியரசுக் கட்சிக்கு வந்தன. சபை நடக்கத் தேவையான வருகை எண்ணிக்கை (quorum) இல்லாமல் செய்வது கெடுவை ஜெயிக்கும். கூட்டத்தைத் திரும்பத் திரும்பக் கூட்டும் அதிகாரம் யாரிடம் இருக்கிறதோ அவரை ஜெயிக்காது.

2007 மே மாதம் கிராடிக் செய்ததை என்னால் ஏற்க முடியவில்லை. அவரைப் பதவி நீக்கத் தீர்மானம் கொண்டுவர உறுப்பினர்கள் எழுந்தார்கள். பேச அழைப்பது தன் விருப்பம், அதன் மேல் முறையீடு கிடையாது என்று சொல்லி, அவர்களை அவர் அழைக்கவே இல்லை. விதிகளில் ஆலோசனை சொல்லும் பார்லிமென்டேரியன் டெனிஸ் டேவிஸும் அவருடைய துணை அதிகாரியும் பதவி விலகினார்கள். அந்த இடத்தில் முன்னாள் உறுப்பினர்கள் இருவரை அமர்த்திக் கூட்டத்தொடரை ஓட்டி முடித்தார். விதியின் எழுத்தில் அதற்கு வழி இருந்திருக்கலாம். ஆனால் தன்னை நீக்கலாமா என்ற கேள்வியைத் தானே பேசவிடாமல் தடுத்தால், சபை அந்தப் பதிலைத் தேர்தலுக்குப் பிறகு சொல்லும். சொன்னது. 2008 தேர்தலில் பெரும்பான்மை 76க்கு 74 என்று ஒட்டி நின்றது. அவர் கட்சியிலேயே பதினொரு பேர் ஒரு வீட்டில் கூடி சான் அன்டோனியோவின் ஜோ ஸ்ட்ராஸைத் தேர்ந்தெடுத்தார்கள். ஜனநாயகக் கட்சியினர் சேர்ந்துகொண்டார்கள். கிராடிக் விலகினார், 2009 ஜனவரியில் நாற்காலி கைமாறியது.

நாற்காலி போனதும் வீட்டுக்குப் போகிறவர்கள் உண்டு. இவர் சாதாரண உறுப்பினராகத் தங்கினார். 2011இல் வாகனம் ஓட்டும்போது செல்பேசியில் குறுஞ்செய்தி அனுப்பத் தடை கேட்டு வந்தார். அரசின் கை நீளக் கூடாது என்று வாழ்நாளெல்லாம் பேசிய கட்சியில் இது எளிதில் விற்கிற சரக்கில்லை. எண் 242 மசோதாவில் அந்தத் தடை இரு அவைகளையும் தாண்டியது. கவர்னர் ரிக் பெர்ரி வீட்டோ செய்தார்: குறுஞ்செய்தி அனுப்பிக்கொண்டே ஓட்டுவது பொறுப்பற்ற செயல்தான், ஆனால் வயதுவந்தவர்களின் நடத்தையை அரசு இத்தனை நுணுக்கமாகக் கட்டுப்படுத்தக் கூடாது என்றார்.

வீட்டோவை மூன்றில் இரண்டு பங்கு வாக்கால் இரு அவைகளும் முறியடிக்கலாமே என்று கேட்பாய். சட்டத்தில் வழி இருக்கிறது, நாள்காட்டியில் இல்லை. மசோதாக்கள் கடைசிப் பத்து நாளில் குவிகின்றன. அப்படி வந்தவற்றின் மேல் முடிவெடுக்கக் கவர்னருக்குக் கூட்டம் முடிந்த பின் 20 நாள் உண்டு. அவர் கையெழுத்து மறுக்கும்போது முறியடிக்கச் சபையே இருக்காது. டெக்சாஸில் கடைசியாக வீட்டோ முறியடிக்கப்பட்டது 1979இல். கவர்னர் சந்தேகப்படுகிற மசோதா என்றால் ஏப்ரலிலேயே அவர் மேசைக்குப் போக வழி பார்.

அதே தடை 2013இல் எண் 63 மசோதாவாகவும், 2015இல் எண் 80 மசோதாவாகவும் திரும்ப வந்தது. இரண்டும் கீழவையைத் தாண்டிச் செனட்டில் நின்றன. செனட்டின் பூட்டு வேறு மாதிரி. பட்டியலின் தலையில் யாரும் நிறைவேற்ற நினைக்காத ஒரு மசோதாவை வைத்துவிடுவார்கள். 'பிளாக்கர் பில்' என்பது அதற்குப் பெயர். அதைத் தாண்டி எதை எடுத்தாலும் வரிசையை ஒத்திவைக்கத் தனி வாக்கு வேண்டும். 2013 வரை அதற்கு மூன்றில் இரண்டு பங்கு, 21 பேர். 2015இல் அதை ஐந்தில் மூன்றாக்கினார்கள், 19 பேர். 2021இல் ஒன்பதில் ஐந்தாக்கினார்கள், 18 பேர். சாதாரணப் பெரும்பான்மை 16 போதும் என்று எண்ணிக்கொண்டு போகிற புது ஊழியர் இங்கேதான் தடுக்கி விழுவார். மசோதாவைச் செனட்டில் தூக்கிச் சுமந்தவர் லாரெடோவின் ஜூடித் ஸஃபிரினி, ஜனநாயகக் கட்சி. எதிர்க்கட்சிக்காரரோடு மசோதாவைப் பகிர்ந்துகொள்வதைக் கிராடிக் 1971லேயே பழகியிருந்தார்.

2017இல் எண் 62 நிறைவேறியது. ஜூனில் கவர்னர் கிரெக் அபட் கையெழுத்திட்டார், செப்டம்பர் 1இல் அமலுக்கு வந்தது. அதன் வாசகத்தை அச்செடுத்து மேசையில் வைத்துக்கொள். தடை, மின்னணுச் செய்தியைப் படிப்பது, எழுதுவது, அனுப்புவது ஆகிய மூன்றுக்கு மட்டும். அழைப்புக்குத் தடை இல்லை. வழிகாட்டி வரைபடம், பாட்டு, அவசர உதவி, கை படாமல் பேசுவது எல்லாம் விலக்கு. வண்டி நின்றிருந்தால் குற்றமில்லை. முதல் முறை அபராதம் 25 முதல் 99 டாலர், மறுமுறை 100 முதல் 200. இதனால் சாவோ கடுங்காயமோ நேர்ந்தால் 4,000 டாலர் வரை அபராதம், ஓராண்டு வரை சிறை. நிறுத்திய போலீஸ்காரர் செல்பேசியைப் பறித்துப் பார்க்க இந்தச் சட்டம் அதிகாரம் தரவில்லை. இந்த வரிகளில் பல, ஒவ்வொரு எதிர்ப்பாளருக்குப் பதிலாகச் சேர்ந்தவை என்றே படிக்கிறேன்.

விலையும் இல்லாமலில்லை. சாலையோரம் நிற்கும் போலீஸ்காரருக்கு ஓட்டுநர் செய்தி எழுதினாரா, வரைபடம் பார்த்தாரா என்று பிரித்துச் சொல்வது கடினம். ஆஸ்டினும் சான் அன்டோனியோவும் கையில் செல்பேசியே கூடாது என்று ஏற்கெனவே கடுமையான விதி வைத்திருந்தன. ஊருக்கு ஒரு விதி இருந்தால் ஓட்டுநர் குழம்புவார், மாநிலம் முழுக்க ஒன்று வேண்டும் என்ற வாதம் மசோதாவுக்கு உதவியது. கையெழுத்திட்ட கையோடு கவர்னர் நகரங்களின் விதியை முழுக்க ரத்து செய்யச் சிறப்புக் கூட்டத்தில் சட்டம் கேட்டதும் அதே வாதத்தை வைத்துத்தான். உன் மசோதாவுக்கு ஒரு வாதத்தைக் கடன் வாங்குமுன், அதை வேறு யார் எங்கே கொண்டுபோவார் என்று பார்த்துக்கொள்.

உன் வேலைக்கு வருகிறேன். மசோதாவோடு போகும் விளக்கக் குறிப்பை இரண்டு பேர் படித்துச் சரிபாருங்கள். சாட்சிகள் பட்டியல், குழு அறிவிப்பு, வாக்குப் பதிவு எல்லாவற்றையும் விதிநூலோடு ஒப்பிடுங்கள். விளக்கக் குறிப்பு மசோதாவின் பொருளைத் தவறாகச் சொன்னால் யாராவது விதி மீறப்பட்டது என்று ஒழுங்குப் பிரச்சினை எழுப்புவார். சபாநாயகர் ஏற்றால் மசோதா குழுவுக்குத் திரும்பும். மார்ச்சில் அது இரண்டு வார வேலை. மே இரண்டாம் வாரத்தில் அது சாவு. விதிநூல் ஒவ்வொரு கூட்டத்தொடரின் தொடக்கத்திலும் புதிதாக நிறைவேறுவது. பழைய பிரதியை நம்பாதே.

63, 80, 62 என்ற எண்களைக் கவனித்தாயா? சிறிய எண்கள். நவம்பர் பொதுத் தேர்தலுக்கு அடுத்த திங்கட்கிழமை, கூட்டத்தொடருக்கு முன்பே மசோதா கொடுக்கும் முன்தாக்கல் திறக்கிறது. அன்றே கொடுத்தவர்களுக்குத்தான் இவை கிடைக்கும். உங்கள் அலுவலகத்தின் முக்கிய மசோதா எதுவோ, அதன் வரைவை சட்ட வரைவுக் கவுன்சிலிடம் செப்டம்பரிலேயே கேட்டு வாங்கிவிடு. அந்தத் திங்கட்கிழமை காலையில் வரிசையில் நில்.

அன்புடன்,
அப்பா