ஆர்வம் இல்லை என்று எழுதாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கடந்த ஞாயிறு இதழின் விளையாட்டுப் பக்கத்தில் இந்திய வேகப்பந்து வீச்சாளர் ஜூலன் கோஸ்வாமியைப் பற்றி அரைப்பக்கக் கட்டுரை போட்டிருந்தீர்கள். 2025 நவம்பர் 2 ஆம் திகதி நவி மும்பையில் உலகக் கிண்ணத்தை வென்ற இந்தியப் பெண்கள், ஓய்வுபெற்று மூன்று வருஷமான அவரைத் தேடிப்போய் அந்தக் கிண்ணத்தைக் கையில் கொடுத்ததையும், அவர் அழுததையும் நன்றாக எழுதியிருந்தார்கள். மகள் சத்தமாக வாசிக்க, நான் அடுப்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். கடைசிப் பந்திக்கு வந்ததும் அவள் குரல் நின்றுவிட்டது. வன்னியில் இப்படி ஒருவர் வராததற்குக் காரணம் எங்கள் பெண்பிள்ளைகளுக்குக் கிரிக்கெட்டில் ஆர்வம் இல்லாததுதான் என்று அங்கே இருந்தது. பேப்பரை மடித்து மேசையில் வைத்துவிட்டு அவள் வெளியே போய்விட்டாள்.

அவளுக்குப் பதினைந்து வயது. போர் முடிந்து நாங்கள் மீள்குடியேறின வருஷம் பிறந்தவள். வேகப்பந்து வீசுகிறாள்.

அவளிடம் இருப்பது ஒரேயொரு தோல்பந்து. போன மாரியில் அது முற்றத்தில் கிடந்து இரவு முழுக்க நனைந்துவிட்டது. ஊறின பந்து கல்லு மாதிரிக் கனத்தது. வெயில் இல்லாததால் நான் அதை அடுப்புக்குப் பக்கத்தில் காய வைத்தேன். என் பிழைதான். சூட்டுக்குத் தோல் சுருங்கி ஒரு பக்கத் தையல் விட்டுப்போயிற்று. பிள்ளை என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அடுத்த நாள் பள்ளிக்கூடம் விட்டு வரும்போது, சந்தையில் செருப்புத் தைக்கிற ஐயாவிடம் கொடுத்துத் தைத்துக்கொண்டு வந்தாள். அவர் தைத்த நூல் மற்றத் தையலைவிடத் தடித்து மேலே நிற்கிறது. அதிலே இரண்டு விரலையும் வைத்து, வயல் வரம்போடு போகிற பாதையால் ஓடிவந்து, முதிரை மரத்தில் சுண்ணாம்பால் கீறிய மூன்று கோட்டைப் பார்த்து வீசுகிறாள். டியூஷனுக்குப் போகமுதல் அறுபது பந்து. எண்ணுகிறது நான்தான். இதற்கு ஆர்வம் என்று பெயர் இல்லையென்றால், என்ன பெயர் என்று தாங்களே சொல்லுங்கள்.

ஜூலனும் நானும் ஒரே வருஷத்துப் பிள்ளைகள். அவர் 1982 நவம்பரில் மேற்கு வங்கத்தில் பிறந்து, சக்தா என்ற சிறிய ஊரில் வளர்ந்தவர். நான் யாழ்ப்பாணத்தில் பிறந்து, 95 இடப்பெயர்வில் கிளாலிக் கடலேரியால் வள்ளமேறி விசுவமடுவுக்கு வந்தவள். 1996 மார்ச் 17 இல் லாகூரில் இலங்கை உலகக் கிண்ணத்தை வென்றபோது எங்களுக்கு மின்சாரமும் இல்லை, பற்றரியும் இல்லை. சைக்கிளைக் கவிழ்த்து வைத்துப் பெடலைச் சுற்றி, டைனமோவில் ரேடியோ கேட்டோம். சுற்றியது நான். கை சோர்ந்தால் ரேடியோவின் குரல் அமுங்கிவிடும், அண்ணாமார் சத்தம் போடுவார்கள். அரவிந்த டி சில்வாவின் சதத்தை என்னுடைய இரண்டு தோள்மூட்டும் இன்றைக்கும் மறக்கவில்லை.

1997 டிசம்பரில் கொல்கத்தா ஈடன் கார்டன்ஸில் நடந்த பெண்கள் உலகக் கிண்ண இறுதி ஆட்டத்தில், எல்லைக்கோட்டுக்கு வெளியே நின்று பந்து பொறுக்கிக் கொடுத்த பிள்ளைகளில் ஜூலனும் ஒருவர். அன்றைக்கு அவுஸ்திரேலிய அணித் தலைவி பெலிண்டா கிளார்க்கைக் கண்ணால் பார்த்துத்தான் தானும் விளையாட வேண்டும் என்று நினைத்தார். அந்த நாட்களில் நானும் பந்து பொறுக்கினேன், பனங்காணிக்குள், அண்ணாமாருக்கு. எனக்கும் ஒருக்கால் தாங்கோ என்று கேட்டால், பொம்பிளைப்பிள்ளைக்கு எதுக்கு என்பார்கள். ஜூலனையும் ஊர்ப் பெடியன்கள் மெதுவாக வீசுகிறாள் என்று பழித்தார்கள்தான். ஆனால் அவருக்கு விடியப்புறம் சக்தாவிலிருந்து வெளிக்கிடுகிற ரயில் இருந்தது. அது கொண்டுபோய் இறக்கிற நகரத்தில் விவேகானந்தா பூங்கா இருந்தது, ஸ்வபன் சாது என்ற பயிற்றுநர் இருந்தார். எங்களுக்கு 1990 இல் நின்ற ரயில் 2013 செப்டெம்பரில்தான் கிளிநொச்சிக்குத் திரும்பி வந்தது.

2006 ஆகஸ்ட் கடைசியில் இங்கிலாந்தின் டோண்டனில் தொடங்கிய டெஸ்ட் ஆட்டத்தில், ஜூலன் இரண்டு இன்னிங்ஸிலும் ஐந்து ஐந்தாக, 78 ஓட்டங்களுக்குப் பத்து விக்கெட் எடுத்து இங்கிலாந்தை மடக்கினார். யாழ்ப்பாணத்துக்குப் போகிற ஏ9 பாதை போரால் பூட்டப்பட்டதும் அந்த ஆகஸ்டில்தான். 2009 மார்ச்சில் அவுஸ்திரேலியாவில் நடந்த உலகக் கிண்ணத்துக்கு இந்திய அணியின் தலைவியாகப் போனார். அந்த மார்ச்சில் நாங்கள் எங்கே கிடந்தோம் என்று தங்களுக்கு நான் எழுதத் தேவையில்லை. எங்கள் பிள்ளைகளின் ஆர்வத்தை அளக்க வந்தவர் இந்தத் திகதிகளையும் பக்கத்தில் வைத்துப் பார்த்திருக்கலாம்.

மனதில் கிடந்த இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். 2022 செப்டெம்பர் 24 இல் லோர்ட்ஸில் ஜூலன் தன் கடைசி ஆட்டத்தை ஆடினார். பத்து ஓவரில் 30 ஓட்டம் கொடுத்து இரண்டு விக்கெட். மொத்தம் 204 ஒருநாள் ஆட்டங்களில் 255 விக்கெட், பெண்கள் கிரிக்கெட்டில் வேறு யாரும் தொடாத எண்ணிக்கை. தங்கள் பத்திரிகையில் என்ன வந்தது? பந்து வீசமுதல் கோட்டை விட்டு வெளியே போன இங்கிலாந்தின் சார்லி டீனைத் தீப்தி சர்மா ரன் அவுட் செய்தது சரியா பிழையா என்று நாலு பத்தி. இருபது வருஷம் பந்து வீசியவருக்குக் கடைசியில் இரண்டு வரி. அந்தப் பேப்பரை நான் இன்னும் வைத்திருக்கிறேன்.

போன வருஷம் எங்கள் பிள்ளைகள் கிளிநொச்சியில் ஒரு போட்டியில் வென்றார்கள். மகள் ஐந்து விக்கெட் எடுத்தாள். செய்தி வருகிறது என்று கேள்விப்பட்டு ஐந்து பிரதி வாங்கினோம். படத்தின் நடுவில் பொன்னாடையோடு பிரதம விருந்தினர், அவருக்கு இரண்டு பக்கமும் விருந்தினர்கள், பின்னால் பிள்ளைகள். மாலை மறைத்ததில் என் மகளின் ஒரு கண்ணும் நெற்றியும்தான் தெரிந்தது. செய்தியில் மேடையில் இருந்த எல்லோருடைய பெயரும் பதவியோடு இருந்தது. பந்து வீசிய பிள்ளையின் பெயர் இல்லை. என் அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தரம் தேடினார். பிறகு, அடுத்த முறை போடுவினம் பிள்ளை என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

பயிற்சியைப் பற்றியும் கேளுங்கள். பெடியன்கள் முடித்து மெட்டிங் பாயைச் சுருட்டின பிறகுதான் எங்கள் பிள்ளைகளுக்கு மைதானம். அப்புறம் ஆறு மணிக்குப் பரந்தன் சந்தியில் பஸ்ஸுக்கு நிற்க வேண்டும். பள்ளிச் சீருடையைக் கண்டால் நிறுத்தாமல் போகிற பஸ்ஸும் உண்டு. இருட்டின பிறகு பெண்பிள்ளையைச் சந்தியில் விடலாமா என்று சொந்தக்காரர் என்னைத்தான் கேட்கிறார்கள். இத்தனைக்குப் பிறகும், 2024 ஜூலையில் தம்புள்ளையில் இலங்கைப் பெண்கள் இந்தியாவை எட்டு விக்கெட்டால் வென்று ஆசியக் கிண்ணத்தை எடுத்தபோது, எங்கள் ஒழுங்கையின் பெண்பிள்ளைகள் அத்தனை பேரும் எங்கள் வீட்டு டிவிக்கு முன்னால்தான் இருந்தார்கள். 2017 உலகக் கிண்ண இறுதி ஆட்டத்தில் ஜூலன் இங்கிலாந்தின் சாரா டெய்லரையும் ஃபிரான் வில்சனையும் அடுத்தடுத்த பந்தில் வெளியேற்றியதை மகள் யூடியூப்பில் எத்தனை தரம் பார்த்திருப்பாள் என்று எனக்குக் கணக்கில்லை. அந்த ஆட்டத்தில் இந்தியா ஒன்பது ஓட்டத்தால் தோற்றதை மட்டும் பார்க்க மாட்டாள், அதற்கு முதல் நிறுத்திவிடுவாள்.

நான் மைதானம் கேட்டு எழுதவில்லை. அது தங்கள் கையில் இல்லை என்று தெரியும். பெண்பிள்ளைகளின் போட்டி முடிவைப் போடும்போது, பந்து வீசிய பிள்ளையின் பெயரையும், எத்தனை ஓவர், எத்தனை ஓட்டம், எத்தனை விக்கெட் என்பதையும் சேர்த்துப் போடுங்கள். ஒரு வரிக்கு மேல் வராது. இடம் காணாது என்றால் விருந்தினர் பெயரில் ஒன்றைக் குறைக்கலாம். எங்களுக்கு அடுத்த போட்டி தை மாதம் நடக்கும் என்று சொல்கிறார்கள். ஸ்கோர் புத்தகத்தைப் படமெடுத்து அன்றிரவே நான் அனுப்பிவிடுவேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
விசுவமடு.