அந்தப் பதினொரு பேர் பரிதாபத்துக்கு நிற்கவில்லை

ஆசிரியருக்கு வணக்கம்.

யதார்த்த ஓவியமும் சமூக மாற்றமும் பற்றி ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். ரஷ்ய ஓவியர் இல்யா ரெப்பினின் ‘வோல்கா படகு இழுப்பவர்கள்’ ஓவியத்தில், பதினொரு பேர் தோளில் வாரை மாட்டிக்கொண்டு வோல்கா ஆற்றங்கரையில் நடந்தே படகை இழுக்கிறார்கள். அது பார்த்தவர்களை இரங்க வைத்து, அந்தக் கொடிய வேலைக்கே முடிவு கட்டியது என்கிறார் கட்டுரையாளர். அப்படி இல்லை. முடிவு கட்டியது நீராவிக் கப்பல். ஓவியத்திலேயே தொலைவில் சின்னதாக ஒன்று புகை விட்டுக்கொண்டு போகிறது, பாருங்கள்.

இரக்கம்தான் வேலை செய்யும் என்றால், முதலில் படத்தை வாங்கியவரிடம் அல்லவா செய்திருக்க வேண்டும்? விலைக்கு வாங்கியவர் ஜார் மன்னரின் மகன் விளாதிமிர். கொண்டுபோய் பில்லியர்ட்ஸ் அறையில் மாட்டினார்.

சின்ன வயதில் ‘சோவியத் நாடு’ பத்திரிகையின் வழவழப்பான தாளைக் கிழித்துத்தான் நோட்டுக்கு அட்டை போடுவோம். என் கணக்கு நோட்டுக்கு இந்தப் படம் வாய்த்தது, ஒரு வருஷம் பார்த்திருக்கிறேன். முன்னால் தலையில் துணி கட்டிக்கொண்டு வருபவர் கானின், ஒரு காலத்தில் பாதிரியாராக இருந்தவர். நடுவில் லார்க்கா என்ற பையன், தோளில் அறுக்கும் வாரைக் கையால் தள்ளிக்கொண்டு நிமிர்கிறான். 1870 கோடையில் ரெப்பின் வோல்கா கரைக்கே போய்த் தங்கி, இவர்களோடு பழகி வரைந்தார். இதில் ஒருவர்கூட ‘என் கஷ்டத்தைப் பார்’ என்று நம்மிடம் முறையிடவில்லை என்று அப்போதே பாராட்டி எழுதியவர் நாவலாசிரியர் தஸ்தயேவ்ஸ்கி.

அப்புறம் என்னதான் மாறியது? 1863ல், அன்றைய ரஷ்யத் தலைநகரான பீட்டர்ஸ்பர்க்கின் கலைக் கழகம் பரிசுப் போட்டிக்குக் கொடுத்த தலைப்பு, ஸ்காண்டிநேவியப் புராணக் கடவுள்களின் விருந்து. வரைய மாட்டோம் என்று 14 மாணவர்கள் வெளியேறினார்கள். அவர்களில் சிலரும் வேறு ஓவியர்களும் சேர்ந்து 1871 முதல் மாஸ்கோ, கீவ், கார்கிவ் என்று ஊர் ஊராகக் கண்காட்சி கொண்டுபோனார்கள், தலைநகரத்தையே பார்த்திராத ஜனங்களும் ஓவியம் பார்த்தார்கள். கடவுளும் ராஜாவும் மட்டுமே நின்ற பெரிய திரையில், ஒன்பது அடி அகலத்துக்குக் கந்தல் உடுத்திய பதினொரு பேரை, அவரவர் முகத்தோடு நிறுத்தினார் ரெப்பின். எனக்கு அதுதான் மாற்றம்.

இன்னொன்று, கோபிக்க வேண்டாம். நீங்கள் அந்தப் படத்தை ஸ்டாம்ப் அளவில் அச்சிட்டிருக்கிறீர்கள், லார்க்காவின் முகமே தெரியவில்லை. அடுத்த ஞாயிறு அரைப்பக்கமாவது கொடுத்துப் போடுங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகர்,
விருதுநகர்