நம்பர் தெரியாத வண்டி அடித்தால் காலுக்கும் விரலுக்கும் ஒரே தொகையா?

மத்திய சாலைப் போக்குவரத்து, நெடுஞ்சாலைகள் அமைச்சகத்துக்கு,

வணக்கம்.

இரவு வேலை முடிந்து சைக்கிளில் வீடு திரும்பும் ஒரு கொத்தனாரைப் பின்னால் வந்த வண்டி அடித்துவிட்டு நிற்காமல் போய்விடுகிறது என்று வைத்துக்கொள்வோம். முழங்காலுக்குக் கீழே காலை எடுத்துவிட்டார்கள். நம்பரை யாரும் பார்க்கவில்லை, கேமராவிலும் பின்விளக்கு வெளிச்சம் மட்டும்தான். மோட்டார் வாகனச் சட்டம் 161-ஆவது பிரிவின்படி அவருக்குக் கிடைப்பது 50,000 ரூபாய். இதே மாதிரி அடிபட்டுச் சுண்டுவிரல் எலும்பு முறிந்தவருக்கும் 50,000 ரூபாய்தான். எலும்பு முறிந்தாலே சட்டத்தின் கண்ணில் அது கொடுங்காயம். கொடுங்காயம் எதுவானாலும் ஒரே தொகை.

வண்டி நம்பர் மட்டும் கிடைத்திருந்தால் கதையே வேறு. வழக்கு, விபத்து இழப்பீட்டைத் தீர்மானிக்கும் தீர்ப்பாயத்துக்குப் போயிருக்கும். வயது என்ன, வருமானம் என்ன, இனி அந்த வேலையைச் செய்ய முடியுமா, கூட ஆள் வேண்டுமா, செயற்கைக்காலுக்கு எவ்வளவு ஆகும் என்று ஒவ்வொன்றாகக் கணக்கிட்டிருப்பார்கள். இடது கை போனால் தச்சருக்குப் பிழைப்பே போகும், அலுவலக எழுத்தருக்கு அப்படி இல்லை. அதனால் ஊனச் சதவீதத்தை மட்டும் பார்க்காமல் வருமான இழப்பைப் பார்க்க வேண்டும் என்று 2010-இல் ராஜ்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. அந்த நியாயம் ஓடிப்போன வண்டியிடம் அடிபட்டவரிடம் வந்ததும் நின்றுவிடுகிறது. ஓட்டுநர் தப்பியதற்கு அபராதம் கட்டுவது அடிபட்டவர்தான் போலிருக்கிறது.

தொகை உயர்ந்ததே இல்லை என்று சொல்லவில்லை. 1994-இல் கொடுங்காயத்துக்கு 12,500 ரூபாய் ஆனது, 2022 ஏப்ரலில் 50,000 ஆனது. இடைப்பட்ட 27 ஆண்டுகளில் மருத்துவச் செலவு எங்கே போயிற்று என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. சாலை விபத்தில் அடிபட்டவர்களுக்கென்று 2025-இல் வந்த கட்டணமில்லாச் சிகிச்சைத் திட்டம் நல்லதுதான். ஆனால் அது 7 நாளுக்கு, ஒன்றரை லட்சம் வரை. கால் போனவரின் எட்டாவது நாள் பற்றித்தான் இந்த மடல்.

சரி, இந்த 50,000 ரூபாயாவது கைக்கு வருகிறதா? 2022-இல் நாட்டில் இப்படி அடித்துவிட்டு ஓடிய விபத்துகள் 67,000-க்கும் மேல். 2022-23 நிதியாண்டில் வந்த விண்ணப்பங்களோ வெறும் 205. இந்தக் கணக்கு உச்ச நீதிமன்றத்தின் முன்பே வந்தது, கோவை எலும்பு மருத்துவர் எஸ். ராஜசேகரன் 2012-இல் தொடுத்த பொதுநல வழக்கில். வண்டி யாருடையது என்று தெரியாவிட்டால், இப்படி ஒரு இழப்பீடு உண்டு என்று போலீசாரே எழுத்துமூலம் தெரிவிக்க வேண்டும் என 2024 ஜனவரியில் நீதிமன்றம் உத்தரவிட்டது. ஆண்டுதோறும் தொகையை உயர்த்த முடியுமா என்று பரிசீலிக்கும்படி உங்களிடமும் சொன்னது.

தகவல் சொல்வது மட்டும் போதாது என்பது என் எண்ணம். எஃப்.ஐ.ஆர். காவல் நிலையத்தில் இருக்கிறது, ஏ.ஆர். காப்பி (விபத்துப் பதிவேட்டு நகல்) மருத்துவமனையில் இருக்கிறது. காலில் தட்டு வைத்துப் படுத்திருப்பவர் இரண்டையும் வாங்கிக்கொண்டு தாசில்தார் அலுவலகத்துக்கு ஏன் அலைய வேண்டும்? வண்டியைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்று எழுதும் அதே அதிகாரி விண்ணப்பத்தையும் அனுப்பட்டும். அடிபட்டவர் கையெழுத்தும் வங்கிக் கணக்கு விவரமும் கொடுத்தால் போதும் என்றாக்குங்கள்.

அப்புறம் தொகை. உறுப்பை இழந்தவர், நிரந்தரமாக வேலைத்திறன் இழந்தவர், சில மாதங்களில் எழுந்து நடப்பவர் என்றாவது பிரியுங்கள். 50,000 என்பதைக் குறைந்தபட்சமாக வைத்து மேலே போங்கள். இதற்கு நாடாளுமன்றத்துக்குப் போகத் தேவையில்லை. 161-ஆவது பிரிவிலேயே, 50,000 ரூபாய் ‘அல்லது மத்திய அரசு நிர்ணயிக்கும் கூடுதல் தொகை’ என்று இடம் விட்டிருக்கிறார்கள். விதியைத் திருத்தி அறிவிக்கை வெளியிட வேண்டியது உங்கள் அமைச்சகம்தான்.

இப்படிக்கு,
சாலையில் நடந்து போகும் ஒருவன்