ஏரிக்கு நுண்ணுயிர் வாங்கிப் போட வேண்டாம்

ஞாயிறுதோறும் ஏரிக்கரையில் கூடி உழைக்கும் நண்பர்களுக்கும், அவர்களுக்கு அனுமதியும் நிதியும் தரும் உள்ளாட்சிப் பொறியாளர்களுக்கும்,

வணக்கம். நான் ஒரு கல்லூரியில் நுண்ணுயிரியல் சொல்லிக்கொடுப்பவள். போன மாசியில், தண்ணீர் சுத்தமாகும் என்று நம்பி எங்கள் ஊர் ஏரியில் நுண்ணுயிர் உருண்டை வீசிய நாளில் நானும் கரையில் நின்றேன். களிமண்ணில் தவிடும் வெல்லமும், ‘பயனுள்ள நுண்ணுயிர்கள்’ என்ற பெயரில் விற்கும் இ.எம். கரைசலும் சேர்த்துப் பிசைந்து, நிழலில் புளிக்கவைத்து, மேலே வெள்ளையாகப் பூஞ்சை படர்ந்த உருண்டைகள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் கையெல்லாம் மண்ணாக வரிசையில் நின்று ஒவ்வொன்றாக வீசினார்கள். அந்தப் பிள்ளைகளின் முகத்தில் இருந்த சந்தோஷத்தைப் பார்த்துவிட்டு அன்றைக்கு எதையும் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. சொல்லியிருக்க வேண்டும். அதனால்தான் இந்த மடல்.

சித்திரையில் ஒரு ராத்திரி திடீர் மழை. விடிந்தபோது கரையெல்லாம் மீன். யாரோ விஷம் கலந்துவிட்டார்கள் என்று பேச்சு கிளம்பியது, குத்தகைக்காரர் தலையில் கை வைத்து மதகுப் படியில் உட்கார்ந்திருந்தார். கட்லாவும் ரோகுவும் வயிற்றைக் காட்டிக்கொண்டு மிதந்தன. ஜிலேபியில் பாதி செத்துவிட்டது, மீதி நீர்மட்டத்துக்கு வந்து வாயைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தது. ஆனால் விரால் ஒன்றுகூடச் சாகவில்லை. விரால் மேலே வந்து நேராகக் காற்றைக் குடித்துவிட்டுப் போகிற மீன். விஷம் என்றால் விராலையும் சேர்த்துத்தான் கொன்றிருக்கும், காற்றைக் குடிக்கிற மீன் மட்டும் தப்பியது என்றால் தண்ணீரில் ஆக்சிஜன் தீர்ந்துபோயிருக்கிறது என்று அர்த்தம். ஆக்சிஜன் அளக்கும் மீட்டரை இறக்கிப் பார்த்தேன், லிட்டருக்கு 0.4 மில்லிகிராம். மீன் வளர்ப்புக்கான நீரில் குறைந்தது 4 இருக்க வேண்டும் என்று மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் தர அளவு சொல்கிறது.

உருண்டைதான் மீனைக் கொன்றது என்று நான் சொல்லவில்லை. கொன்றது வடக்குக் கரையில் வந்து விழுகிற சாக்கடை. ஆனால் அந்தச் சாக்கடையை நிறுத்தாமல் உருண்டை வீசியதில் ஒரு வருஷ உழைப்பும் பணமும் போய்விட்டது.

தண்ணீருக்குள் நடக்கும் கணக்கைப் பாருங்கள். 30 டிகிரி வெயிலில் ஒரு லிட்டர் ஏரித் தண்ணீர் காற்றிலிருந்து வாங்கி வைத்துக்கொள்ளக்கூடிய ஆக்சிஜன் சுமார் 7.5 மில்லிகிராம், அவ்வளவுதான். வீட்டுச் சாக்கடை ஒரு லிட்டரை பாக்டீரியா தின்று தீர்க்க 200 முதல் 300 மில்லிகிராம் ஆக்சிஜன் கேட்கும். ஆக, ஒரு குடம் சாக்கடை முப்பது குடம் நல்ல தண்ணீரின் மூச்சை உறிஞ்சிவிடும். பகலில் இது வெளியே தெரியாது, ஏனென்றால் பச்சையாகக் கிடக்கும் பாசி வெயிலில் ஆக்சிஜனைக் கொட்டிக்கொண்டே இருக்கும். இதே ஏரியில் ஒரு மத்தியானம் மூன்று மணிக்கு நான் 13 மில்லிகிராம்கூட அளந்திருக்கிறேன், அன்றைக்கு யாராவது ஆய்வுக்கு வந்திருந்தால் ஏரி அருமையாக இருக்கிறது என்று எழுதிக்கொடுத்துவிட்டுப் போயிருப்பார்கள். இருட்டியதும் பாசியும் மூச்சுவிட ஆரம்பிக்கும், பாக்டீரியாவும் மீனும் கூடவே மூச்சுவிடும், விடியற்காலைக்குள் எல்லாம் காலி. அதோடு ஒரு மழை வந்து தெருச் சாக்கடையின் கசடை அடித்துக்கொண்டு வந்து, அடிச் சேற்றையும் கலக்கிவிட்டால் கேட்கவே வேண்டாம்.

பகலிலும் ஆபத்து இருக்கிறது. பாசி கரியமில வாயுவை உறிஞ்ச உறிஞ்ச, தண்ணீரின் காரத்தன்மையைக் காட்டும் பி.எச். அளவு மத்தியானத்தில் 9-ஐத் தாண்டும். சாக்கடையிலிருந்து வரும் அம்மோனியாவில் மீனுக்கு விஷமாகிற பங்கு, பி.எச். 7 இருக்கும்போது 30 டிகிரியில் நூற்றில் ஒன்றுக்கும் குறைவு. பி.எச். 9 ஆனால் நூற்றில் நாற்பதுக்கு மேல். தண்ணீரில் ஒரு சொட்டு புதிதாகச் சேராமலேயே, பாசியின் வேலையால் மட்டும் அதே அம்மோனியா விஷமாகிவிடுகிறது.

ஆக்சிஜன் தீர்ந்ததும் பாக்டீரியா வேலையை நிறுத்திவிடும் என்று நினைக்காதீர்கள். ஆக்சிஜனுக்குப் பதிலாக நைட்ரேட்டை வைத்து மூச்சுவிடும் கூட்டம் ஒன்று எழும், அது தீர்ந்தால் மாங்கனீசு, அப்புறம் இரும்பு, அதற்கும் கீழே சல்பேட், எல்லாம் போனால் மீத்தேன் விடும் கூட்டம். கலங்கல் பக்கம் ஒரு நீளக் கம்பை எடுத்துச் சேற்றில் குத்திப் பாருங்கள். மேலே இரண்டு மூன்று மில்லிமீட்டருக்கு மட்டும் பழுப்பு, அதற்குக் கீழே மை மாதிரி கறுப்பு. அது இரும்பும் கந்தகமும் சேர்ந்த கறுப்பு. அழுகிய முட்டை நாற்றம் வந்தால் சல்பேட் கூட்டம் அங்கே இருக்கிறது. கம்பை உருவும்போது கொப்புளித்து வருவது பெரும்பாலும் மீத்தேன். 1776-இல் இத்தாலியின் மஜோரே ஏரிக்கரையில் வோல்ட்டா என்ற விஞ்ஞானி இதே மாதிரி சேற்றைக் கிளறி, குமிழியைப் பிடித்துக் கொளுத்திக் காட்டினார். அந்த ஒரு கம்பின் நீளத்தில் ஏரியின் வேதியியல் முழுவதும் அடுக்கடுக்காக இருக்கிறது, அதை நடத்துகிறவர்கள் ஏற்கெனவே அங்கே குடியிருக்கிறார்கள்.

இதை என் மாணவர்களுக்குக் காட்ட வருஷா வருஷம் ஒன்று செய்வேன். இரண்டு லிட்டர் பிளாஸ்டிக் பாட்டிலில் ஏரிச் சேற்றை அரைவாசி நிரப்பி, கிழித்த செய்தித்தாளும் ஒரு அவித்த முட்டையின் மஞ்சள் கருவும் கலந்து, மேலே ஏரித் தண்ணீர் ஊற்றி ஜன்னலில் வைத்துவிடுவோம். 1880-களில் விநோகிராட்ஸ்கி என்ற ரஷ்ய விஞ்ஞானி காட்டிய வழி. முதல் வாரம் சேறு கறுக்கும், நாறும், பிள்ளைகள் மூக்கைப் பொத்திக்கொண்டு போவார்கள். ஆறாவது, ஏழாவது வாரம் வெயில் படும் பக்கத்தில் கீழே பச்சைத் திட்டு, அதற்கு மேலே கத்தரிப்பூ நிறத்தில் ஊதாத் திட்டு, இன்னும் மேலே துரு நிறம். ஒவ்வொரு நிறமும் ஒரு கூட்டம். பாட்டிலில் நான் ஒரு நுண்ணுயிர்கூட வெளியிலிருந்து போடவில்லை. ஒரு கிராம் சேற்றில் நூறு கோடி வரை பாக்டீரியா இருக்கும், வெளிச்சமும் தீனியும் ஆக்சிஜனும் எங்கே எவ்வளவு என்பதை வைத்து யார் எழுவது யார் அடங்குவது என்று முடிவாகிறது.

இப்போது உருண்டைக்கு வருகிறேன். ஐம்பது ஏக்கர் ஏரி என்று வைத்துக்கொள்ளுங்கள். மேல் சேறு பத்து சென்டிமீட்டர் மட்டும் கணக்கிட்டாலும் இருபதாயிரம் கன மீட்டர். நீங்கள் பத்தாயிரம் உருண்டை வீசினாலும், ஒன்று கால் கிலோ என்றால், இரண்டரை டன். கடலில் பெருங்காயம் கரைத்த மாதிரிதான். அதைவிட எனக்குக் கவலை தருவது தவிடும் வெல்லமும். மூச்சுத் திணறிக் கிடக்கும் ஏரியில் அதுவும் தீனிதான், அதைத் தின்னவும் ஆக்சிஜன் வேண்டும். நெதர்லாந்தில் வாகனிங்கன் பல்கலைக்கழகத்தின் மிக்கெல் லூர்லிங்கும் கூட வேலை செய்தவர்களும் இதே உருண்டைகளைச் சோதித்து 2010-இல் வெளியிட்டார்கள். லிட்டருக்கு ஒரு கிராம் வரை போட்டும் நீலப்பச்சைப் பாசி குறையவில்லை. உருண்டை ஏரியை மாற்றும் என்பதற்கு ஆதாரம் கேளுங்கள், விற்பவர்களிடம் தைரியமாகக் கேளுங்கள்.

சாக்கடையை நிறுத்தினால் உடனே சரியாகிவிடுமா என்று கேட்டால், ஆகாது, அதையும் நேர்மையாகச் சொல்லிவிட வேண்டும். ஆக்சிஜன் இருக்கும்வரை சேற்றின் மேற்பரப்பில் துருப்பிடித்த இரும்பு, சாக்கடையோடு வந்த பாஸ்பேட்டைப் பிடித்து வைத்திருக்கும். ஆக்சிஜன் போனதும் பாக்டீரியா அந்த இரும்பையே மூச்சுக்கு எடுத்துக்கொள்வதால் இரும்பு கரைகிறது, பிடி விட்டுப்போகிறது, பாஸ்பேட் மேலே வந்து அடுத்த பாசிக்கு உரமாகிறது. இங்கிலாந்து ஏரிகளில் மார்ட்டிமர் என்ற விஞ்ஞானி 1941, 42-இலேயே இதை அளந்து எழுதினார். பல வருஷம் சாக்கடை குடித்த ஏரி, வெளியிலிருந்து சாக்கடை வருவது நின்ற பிறகும் சில வருஷம் தன் சேற்றிலிருந்தே பசுமையாகும்.

நம்மிடம் இதற்கு ஒரு பழைய வழி இருந்தது, அதை யாரும் நுண்ணுயிரியல் என்று சொல்லவில்லை. கோடையில் ஏரி வற்றும், வண்டல் வெடிக்கும், காற்றும் வெயிலும் பட்டுக் கறுப்பு பழுப்பாகும், விவசாயிகள் மாட்டுவண்டியில் வண்டலை அள்ளி வயலுக்குக் கொண்டுபோவார்கள். வருஷம் பூராவும் சேர்ந்த பாஸ்பேட் ஏரியை விட்டு நெல்லுக்குப் போய்விடும். என் தாத்தா வண்டல் அடித்த வயல்களை இப்போதும் பெயர் சொல்லிச் சொல்வார். இப்போது ஊருக்குள் இருக்கும் ஏரி கோடையிலும் நிறைந்து கிடக்கிறது. அது மழைத்தண்ணீர் இல்லை, நம் வீட்டுத் தண்ணீர். சாக்கடையைத் திருப்பியபின் ஏரி ஒரு கோடை வற்றினால் பதறாதீர்கள், போட்டோவுக்கு நன்றாக இல்லை என்று லாரித் தண்ணீர் விடாதீர்கள். ஆனால் ஆலைக்கழிவும் சேர்ந்த ஏரி என்றால் சேற்றைச் சோதித்துப் பார்த்துவிட்டுத்தான் வயலுக்கு அனுப்ப வேண்டும், இதில் சமரசம் வேண்டாம்.

இன்னொன்று, கால்வாய் வந்து விழும் இடத்தில் இருக்கும் கோரையையும் சம்பையும் அழகுபடுத்துகிறோம் என்று வேரோடு பிடுங்கி நடைபாதை போடாதீர்கள். சம்பு தன் தண்டு வழியாக வேருக்குக் காற்றைக் கொண்டுபோகிறது. வேரை ஒட்டி ஆக்சிஜன் உண்டு, இரண்டு விரற்கடை தள்ளினால் இல்லை. முதல் இடத்தில் ஒரு கூட்டம் அம்மோனியாவை நைட்ரேட்டாக்கும், பக்கத்து இடத்தில் மற்றொரு கூட்டம் நைட்ரேட்டை நைட்ரஜன் வாயுவாக்கிக் காற்றில் விட்டுவிடும். ஆகாயத்தாமரை வேறு கதை, அதை எடுத்தே ஆக வேண்டும், ஆனால் எடுத்ததைக் கரையோரத் தண்ணீரிலேயே அழுகவிட்டால் எடுத்த பலன் இல்லை.

அமெரிக்காவின் சியாட்டில் நகரத்தில் வாஷிங்டன் ஏரி என்று ஒன்று இருக்கிறது. 1950-களில் சுத்திகரித்த கழிவுநீர் விழுந்து பாசி பிடித்துக் கலங்கியது. எட்மண்ட்சன் என்ற விஞ்ஞானி எச்சரித்தார், மக்கள் வாக்களித்தார்கள், 1963 முதல் 1968-க்குள் கழிவுநீர் முழுவதையும் ஏரியிலிருந்து திருப்பினார்கள். ஒரு மீட்டருக்கு மேல் பார்க்க முடியாத தண்ணீர், பத்து வருஷத்துக்குள் மூன்று மீட்டர் ஆழம்வரை தெளிந்தது. அது ஆழமான, குளிர்ந்த ஏரி, சேறு அவ்வளவு கெடவில்லை. நம்முடையது ஆழமில்லாத வெயில் ஏரி, நமக்கு இன்னும் காலம் பிடிக்கும். ஆனால் அங்கே யாரும் ஏரிக்குள் புதிதாக எதையும் போடவில்லை.

பொறியாளர்களே, ஏரியை விடியற்காலை ஐந்தரைக்கு அளக்க ஆள் போடுங்கள், மத்தியான அளவை மட்டும் வைத்து அறிக்கை எழுதாதீர்கள். ஏரிக்குள் விழும் ஒவ்வொரு குழாயையும் வரைபடத்தில் குறித்துக் கரையில் பலகையாக வையுங்கள், எந்தக் குழாய் எந்தத் தேதிக்குள் திரும்பும் என்றும் எழுதுங்கள். நண்பர்களே, உருண்டைக்கு ஒதுக்கிய பணத்தில் ஒரு மீட்டர் வாங்கலாம். அதுவரை என்னுடையது இருக்கிறது. வருகிற ஞாயிறு ஐந்தரைக்கு மதகுப் பக்கம் வருகிறேன், பிள்ளைகளையும் ஒரு காலி பாட்டிலையும் கூட்டிக்கொண்டு வாருங்கள்.