அந்த அரை நொடியை வெட்டிவிடாதீர்கள்: டச்சு ஆவணக் காப்பகங்களுக்கு ஒரு திறந்த மடல்

ஹில்வர்சும் பேல்ட் என் ஹெலௌட் காப்பகத்தாருக்கும், ஆம்ஸ்டர்டாம் ‘ஐ’ (Eye) திரைப்பட அருங்காட்சியகத்தாருக்கும்,

வணக்கம். பழைய நிகழ்ச்சிகளைச் சீரமைப்பதும் அவற்றுக்குத் துணையெழுத்து எழுதுவதும் எங்கள் தொழில். டச்சு நடிகர் ரைக் தெ ஹோயரின் (1925–2011) நகைச்சுவைப் பதிவுகளை மறு ஒளிபரப்புக்கோ வெளிநாட்டுத் திரையிடலுக்கோ தயாரிக்கும்போது கவனிக்க வேண்டியவற்றைச் சொல்லவே இந்த மடல்.

உத்ரெக்டில் பிறந்த ரைக், 1950களில் ஜானி கிராய்காம்ப்புடன் ஜோடி சேர்ந்தார். கோமாளித்தனம் ஜானிக்கு, பக்கத்தில் நின்று எடுத்துக்கொடுப்பது ரைக்குக்கு. வெறுமனே ஆமாம் போடுகிற வேலை அல்ல அது. ஜானி ஒன்றைச் செய்து முடித்ததும் ரைக் அசையாமல் பார்ப்பார். சிரிப்பு வெடிப்பது அந்த அரை நொடியில்தான். வழக்கமான சீரமைப்பில் முதலில் பலியாவதும் அதுதான்.

முதலில் வேகம். தொலைக்காட்சித் திரையிலிருந்து 16 மி.மீ. படச்சுருளில் பிடித்த அக்காலப் பிரதிகள் நொடிக்கு 25 சட்டங்கள் (ஃபிரேம்கள்) கொண்டவை. ஸ்கேன் செய்தபின் 24 என்று குறித்துவிட்டால் எல்லாம் 4 சதவீதம் மந்தமாகிவிடும். திரைப்படங்களில் இது தலைகீழ். 24 சட்டத்தில் எடுத்ததை 25-இல் ஓட்டினால் 100 நிமிடப் படம் 96 நிமிடமாகும். குரலும் ஏறத்தாழ முக்கால் அரைச்சுரம் உயரும். ரைக்கின் கனத்த குரலில் இது உடனே தெரியும். ‘தெ இன்ப்ரேக்கர்’ (1972), ‘கிரைப்ஸ்த்ரா என் தெ ஹீர்’ (1979) போன்றவற்றைப் பழைய ஒளிபரப்பு நாடாவிலிருந்து எடுக்காமல், மூலச் சுருளிலிருந்தே எடுங்கள்.

வீடியோ நாடாவில் நொடிக்கு 50 அரைச்சட்டங்கள் உண்டு; ஒவ்வொன்றிலும் படத்தின் ஒன்றுவிட்ட வரிகள் மட்டுமே இருக்கும். இணையத்துக்காக அவற்றை 25 முழுச்சட்டங்களாகச் சுருக்கும்போது அசைவில் பாதி போய்விடுகிறது. புருவம் லேசாக ஏறி இறங்குவதே நகைச்சுவையாக இருக்கும் நடிகருக்கு இது பெரிய இழப்பு. மூலக்கோப்பை 720×576 அளவில், அரைச்சட்டங்களோடு, இழப்பில்லாமல் சேமியுங்கள். பார்வைப் பிரதியை 50 முழுச்சட்டங்களாகவே கொடுங்கள்.

4:3 என்ற பழைய தொலைக்காட்சி விகிதத்தில் உள்ள படத்தை 16:9 அகலத்திரைக்கு வெட்டினால் உயரத்தில் கால் பங்கு போகும், அதாவது 576 வரிகளில் 144. ஜோடிக் காட்சிகளில் ஒருவரின் கால்களோ மற்றவரின் நெற்றியோ காணாமல் போகும். இரு பக்கமும் கறுப்புப் பட்டை இருந்துவிட்டுப் போகட்டும். பட்டையைப் பார்த்து முகம் சுளிக்கிறவர்கள் இரண்டாம் நிமிடத்தில் அதை மறந்துவிடுவார்கள்.

ஒலியில் இரைச்சல் நீக்கும் மென்பொருளைக் கண்ணை மூடிக்கொண்டு ஓட்டாதீர்கள். மௌனத்தின் அடியில் இருக்கும் அரங்க ஒலி அறுபட்டால், இடைவெளி ஒளிபரப்புக் கோளாறு போலக் கேட்கும்.

துணையெழுத்தைப் பற்றித்தான் அதிகம் சொல்ல வேண்டும். இரண்டு வரி, வரிக்கு 42 எழுத்து, திரையில் ஒன்று முதல் ஆறு நொடி என்ற கணக்கு சரிதான். ஆனால் கேள்வியையும் பதிலையும் ஒரே அட்டையில் (ஒரே நேரத்தில் திரையில் தோன்றும் துணையெழுத்தில்) போட்டால், ரைக் வாய் திறக்குமுன்பே பார்வையாளர் படித்துச் சிரித்துவிடுவார். அட்டையைப் பிரித்துவிடுங்கள், இரண்டாவது அட்டை, பேச்சின் முதல் ஒலியோடு வரட்டும், ஒரு சட்டம்கூட முந்தக் கூடாது. டச்சு மொழியின் துணைவாக்கியங்களில் வினை கடைசியில் நிற்கும். ஆங்கில வழியாகப் பெயர்த்தால் அது முன்னே நகர்ந்து, ஒளித்துவைத்ததை அவிழ்த்துவிடும். அதனால் டச்சிலிருந்தே நேராகப் பெயர்க்கச் சொல்லுங்கள்.

வாரா என்ற டச்சு ஒளிபரப்பு நிறுவனம் 1991 முதல் ஒளிபரப்பிய ‘இன் வோர் என் தேகன்ஸ்பூட்’ தொடரில் ரைக் நடித்த ஃபிரெட் ஸ்கௌட், வாய்க்கு வந்தபடி திட்டும் குடும்பத்தலைவர். அந்த வசவுகளை நாகரிகப்படுத்தினால் பாத்திரமே மிஞ்சாது. தேவையென்றால் தொடக்கத்தில் ஓர் எச்சரிக்கை அட்டை போடுங்கள், வசனத்தில் கை வைக்காதீர்கள். தமக்குக் கிடைத்த தங்கக் கன்று என்னும் டச்சுத் திரைப்பட விருதையே டாக்சி ஜன்னல் வழியே வீசிய மனிதருக்கு மெருகு எதற்கு?

நகைச்சுவை வேடங்களோடு, ‘சொல்தாத் வான் ஒரான்யே’ (1977) படத்தின் நாஜி அதிகாரி வேடத்தையும் ஒரே திரையிடல் வரிசையில் வைக்கக் கோருகிறோம். அங்கும் அதே அசையாத பார்வைதான், ஆனால் யாருக்கும் சிரிப்பு வராது.

இப்படிக்கு,
துணையெழுத்து, படச்சீரமைப்புத் தொழிலாளர் சிலர்