கொத்தனாரை உள்ளே விடுங்கள்: எங்கள் தெருச் சங்கத்தாருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய சங்கப் பெரியவர்களுக்கு,

வணக்கம். போன கூட்டத்தில் "அந்த வீடு போனால்தான் தெருவுக்கு மரியாதை" என்று ஒருவர் சொல்ல, பாதிப் பேர் கை தட்டினீர்கள். தாசி வீடு என்று குரலைத் தாழ்த்திச் சொல்வோமே, அதே வீடுதான். பங்காளிகள் விற்கத் தயார், இடித்துவிட்டு வண்டி நிறுத்தலாம் என்பது உங்கள் கணக்கு.

அங்கே இன்னும் ஒரு பாட்டியம்மா குடியிருக்கிறார். பின்கட்டில் மெட்ராஸ் தளம் ஒழுகுகிறது. தேக்கு உத்தரத்தின் மேல் சின்னச் செங்கல்லைக் குத்துவாக்கில் அடுக்கிச் சுண்ணாம்புக் காரை போட்ட தளம் அது. விரிசலில் தண்ணீர் இறங்கினால் காரை இளகும், அப்புறம் உத்தரத்தின் முனை சுவருக்குள்ளேயே உளுத்துப்போகும். சுண்ணாம்பும் கடுக்காய்த் தண்ணீரும் பழகிய கொத்தனாருக்குச் சில நாள் வேலை. அப்படி வந்தவரையும் சங்கத்து ஆள் வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டார். ஐப்பசி மழையில் பாட்டியம்மா பாயைச் சுருட்டிக்கொண்டு மாடிப்படிக்குக் கீழே உட்கார்ந்தபடியே தூங்கினார். இப்போது நீங்களே "ஆபத்தான கட்டடம்" என்று மனு எழுதுகிறீர்கள். நல்ல ஏற்பாடு.

கொத்தனாரை உள்ளே விடுங்கள் என்றுதான் கேட்கிறோம்.

மானம் என்கிறீர்கள், சரி. அங்கே வந்து போன மிராசுதார்களின் பெயர்கள் சத்திரத்துக் கல்லில் இன்னும் இருக்கின்றன. அவற்றைக் கொத்தி எடுக்க யாரும் தீர்மானம் போடவில்லை. பெண்களைக் கோயிலுக்கு நேர்ந்துவிடும் பொட்டுக்கட்டுவதை 1947இல் சட்டம் தடுத்தது. அதுவரை பாட்டையும் ஆட்டத்தையும் காப்பாற்றியவர்கள் இம்மாதிரி வீட்டுப் பெண்கள்தான். 1916இல் இதே மதுரையில் வீணை சண்முகவடிவின் மகளாகப் பிறந்த எம்.எஸ். சுப்புலட்சுமியும் அந்த மரபில் வந்தவர்தானே? 1998இல் அவருக்குப் பாரத ரத்னா கிடைத்தபோது எந்தத் தெருவின் மானமும் போகவில்லை.

நம் ஊர் மகாலையே பாருங்கள். திருமலை நாயக்கர் கட்டியதைப் பேரன் சொக்கநாதரே பிரித்துத் திருச்சிக்குக் கொண்டுபோனார். மிச்சத்தைப் பழுதுபார்க்க நேப்பியர் என்ற வெள்ளைக்கார கவர்னர் வர வேண்டியிருந்தது. நம் தெருவுக்கு எந்த கவர்னரும் வரப்போவதில்லை.

பேச்சு எங்கோ போய்விட்டது, பொறுத்துக்கொள்ளுங்கள். இடிக்கும் தீர்மானத்தை அடுத்த கூட்டத்தில் நிறுத்திவைக்க வேண்டுகிறோம். பழைய கட்டடங்களைக் காக்க வந்த 2012ஆம் ஆண்டுத் தமிழ்நாடு மரபு ஆணையச் சட்டத்தைக் காட்டி ஒரு விண்ணப்பம் எழுதி வைத்திருக்கிறோம், அதில் உங்கள் கையெழுத்தும் இருந்தால் நல்லது. இல்லாவிட்டாலும் பரவாயில்லை. அடுத்த மழைக்குள் கொத்தனாரை மட்டும் தயவுசெய்து தடுக்காதீர்கள். கூலியை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
அதே தெருக்காரன்